பொற்கொடியின் இடது கை

திருக்கோகர்ணத்தில் பொற்கொடியைப் பார்க்காதவர்கள் இருக்கலாம். அவள் குரலைக் கேட்காதவர்கள் இல்லை. பஸ் நிறுத்தத்துக்கு எதிரே செல்போன் கடை வைத்திருக்கிறாள். சார்ஜர் விற்பது, திரைக்குக் கண்ணாடி ஒட்டுவது, ரீசார்ஜ் போடுவது. கடைக்குள் நிற்பவரிடம் அவள் ஒரு கேள்வி கேட்டால் எதிரே டவுன் பஸ்ஸுக்கு நிற்பவர்கள் பதில் சொல்வார்கள். இந்தக் குரலைச் சின்ன வயதில் அடக்கப் பார்க்காத ஆள் இல்லை. கல்யாணமாகி எங்கள் தெருவுக்கு வந்த பிறகு அதே குரலைத் தேடிக்கொண்டு தெருவே அவள் வாசலில் வந்து நின்றது. காரணம் முளைப்பாரி.

எங்கள் தெரு மாரியம்மன் கோயிலில் ஆடி மாதம் காப்புக் கட்டினால், முளைப்பாரி ஊர்வலம் போகிற நாள்வரைக்கும் அந்தி சாய்ந்ததும் கும்மி. உள்ளே இருட்டறையில் மண்சட்டிகளில் தானியம் முளைத்துக்கொண்டிருக்கும். வெளியே பெண்கள் வட்டமாகச் சுற்றிக் கைதட்டுவார்கள். ஒருத்தி வரியை எடுத்துக் கொடுக்க, மற்றவர்கள் வாங்கிப் பாட வேண்டும். எடுத்துக் கொடுக்கிறவளுக்குப் பாட்டுக்காரி என்று பெயர். அதற்குச் சம்பளமும் கிடையாது, தேர்தலும் கிடையாது. ஆனால் எங்கள் வார்டு கவுன்சிலரை எதிரே பார்த்தால் ஒதுங்காதவர்கள்கூட பாட்டுக்காரியைப் பார்த்தால் வழிவிடுவார்கள். பொற்கொடி வந்த இரண்டாவது வருடமே பாட்டுக்காரி ஆகிவிட்டாள். கேட்டு வாங்கவில்லை. அவள் பாடினால் மற்றவர்கள் பாடுவது கேட்காது, அவ்வளவுதான்.

பிறகு அவளுடைய இரண்டு சிறுநீரகங்களும் வேலையை நிறுத்திக்கொண்டன. ஏன் என்று டாக்டர்களுக்குத் தெரியவில்லை. தெருவுக்கு மட்டும் பல காரணங்கள் தெரிந்திருந்தன.

வாரத்தில் மூன்று நாள் டயாலிசிஸ். அவள் அதை ‘ஊசி நாள்’ என்பாள். மற்ற நாட்களிலும் தண்ணீரை அளந்துதான் குடிக்க வேண்டும், இளநீரும் பழமும் ஆகாது. இயந்திரத்துக்கு ரத்தம் வேகமாக வேண்டும், சாதாரண ரத்தக்குழாய் அந்த வேகத்துக்குத் தாங்காது என்று சொல்லி, இடது கையில் ஒரு தமனியையும் ஒரு சிரையையும் சேர்த்துத் தைத்துவிட்டார்கள். அந்த இடம் புடைத்துத் தடித்து, தோலுக்கடியில் ஒரு கயிறு சுருண்டு படுத்திருப்பது போல ஆகிவிட்டது. அந்தக் கையில் பாரம் தூக்கக் கூடாது, பிரஷர் பார்க்கக் கூடாது, இறுக்கமாக எதுவும் மாட்டக் கூடாது. எனவே வலது கை நிறையக் கண்ணாடி வளையல், இடது கை மொட்டை. வலப்பக்கத்து வீட்டார் அவளை மங்களகரமாகப் பார்த்தார்கள். இடப்பக்கத்து வீட்டார் பார்த்துவிட்டு அவள் புருஷன் வெற்றிசெல்வனின் உடல்நலத்தை விசாரித்தார்கள். ஆட்டோ ஓட்டுகிற வெற்றிசெல்வனுக்கு ஒரு தலைவலிகூட வந்ததில்லை.

தெரு அவளை ஒதுக்கவில்லை. அதுதான் சங்கடம். ஒதுக்கியிருந்தால் சண்டை போட்டிருப்பாள், அதற்கான குரலும் அவளிடம் இருந்தது. தெரு அவளைத் தாங்கியது. கும்மிக்கு வந்தால் முன்வரிசையில் பிளாஸ்டிக் நாற்காலி, அதன்மேல் தலையணை, பக்கத்தில் மின்விசிறி. கும்மிக்குள் மட்டும் விடவில்லை.

விடாதது முத்துமாரியம்மாள். வெற்றிசெல்வனுக்குப் பெரியப்பா மகள், பொற்கொடிக்கு மதினி. ஆள் வாட்டசாட்டம், கும்மியின் அத்தனை அடவும் அத்துபடி, பாட்டு மட்டும் வராது. பொற்கொடியின் இடத்தை எடுத்துக்கொண்டு, தெரிந்த நான்கு வரியை இரண்டு வருடமாகச் சுற்றிச் சுற்றிப் பாடிக்கொண்டிருந்தாள். மாரியம்மன் பொறுமைசாலி.

“கைதட்டுனா அந்த நரம்பு வெடிச்சிரும்டி” என்றாள் முத்துமாரியம்மாள்.

“யாரு சொன்னா மதினி?”

“யாரு சொல்லணும்? பாத்தாலே தெரியுது. காப்புக் கட்டியிருக்கப்ப கோயில் வாசல்ல ரத்தம் விழுந்து, ஒனக்கு ஒண்ணு கெடக்க ஒண்ணு ஆகிப்போச்சுன்னா திருவிழாவே நின்னு போகும். நா ஒன்னயும் பாக்கணும், ஆத்தாளயும் பாக்கணும்ல?”

இதில் பொய் இல்லை. காப்புக் கட்டிய பிறகு தெருவில் சாவு விழுந்தால் முளைப்பாரி நின்றுவிடும். பொற்கொடி செத்துப்போகக் கூடாது என்று தெரு உண்மையாகவே விரும்பியது. ஆடி முடிகிறவரைக்கும் கூடுதலாக விரும்பியது.

இந்த வருடம் காப்புக் கட்டுவதற்குச் சில நாட்களுக்கு முன்னால், ஓர் ஊசி நாளில்தான் விஷயம் ஆரம்பித்தது. டயாலிசிஸ் பிரிவில் வேலை பார்க்கும் அறிவுச்செல்வன் ஊசி குத்துவதற்கு முன் எப்போதும் அவள் கையில் ஸ்டெதஸ்கோப்பை வைத்து, கண்ணை மூடி, தலையை ஆட்டிவிட்டுத்தான் வேலையைத் தொடங்குவான். மூன்று வருடமாகப் பார்த்துச் சலித்த காட்சி. அன்றைக்குத்தான் கேட்கத் தோன்றியது.

“அப்பிடி என்னதான் தம்பி கேக்குற?”

“ஓடுதான்னு பாக்குறேன்க்கா. சத்தம் இருந்தா நல்லாருக்குன்னு அர்த்தம். நின்னாத்தான் பயப்படணும்.”

“எங்க, குடு இங்கிட்டு.”

அவன் காதிலிருந்து கழற்றி அவள் காதில் மாட்டினான். மாவு மில்லின் சுவருக்கு இந்தப் பக்கம் நிற்பது போல ஓர் இரைச்சல். அந்த இரைச்சலுக்குள்ளே, ஒவ்வொரு துடிப்புக்கும் ஒரு வீச்சு. வூஷ், வூஷ், வூஷ். பொற்கொடி கட்டிலில் நிமிர்ந்து உட்கார்ந்துவிட்டாள்.

“டேய் தம்பி, இது கும்மிடா!”

“என்னக்கா?”

“கும்மித் தாளம்டா! எங்கையில ஓடிக்கிட்டிருக்குடா!”

அவள் சாதாரணமாகச் சொன்னாலே பஸ் நிறுத்தம்வரை கேட்கும் என்று முன்பே சொன்னேன். வார்டில் இயந்திரங்களோடு பிணைக்கப்பட்டிருந்தவர்கள் எல்லாரும் தலையைத் திருப்பினார்கள். நர்ஸ் ஓடிவந்தாள். பொற்கொடி வலது கையால் தொடையில் தட்டிக்கொண்டு, தன் ரத்தத்தின் வேகத்துக்கே ஒரு பாட்டைப் பாடத் தொடங்கியிருந்தாள். அறிவுச்செல்வன் ஊசியும் கையுமாக நின்றான்.

“நா கைதட்டலாமா தம்பி? உண்மையச் சொல்லு.”

“தாராளமாத் தட்டலாம்க்கா. வெயிட்டு தூக்கக் கூடாது, கை எங்கயும் இடிச்சிரக் கூடாது. ஊசி நாள்ல மட்டும் வேணாம்.”

“இத எங்க மதினிகிட்ட வந்து சொல்லுவியா?”

“சொல்லுறேன்க்கா. நம்புவாங்களா?”

அவள் யோசித்துப் பார்த்தாள். “நம்ப மாட்டாக. நீ சின்னப் பய. கையே வந்து சொன்னாத்தான் உண்டு” என்றாள்.

கையைப் பேசவைப்பது அவளுக்குப் பெரிய காரியமாக இல்லை. யூடியூப் சேனல் நடத்துகிற பையன்களுக்குச் சட்டைக் காலரில் மாட்டுகிற சின்ன வயர்லெஸ் மைக் விற்பவள் அவள். அறிவுச்செல்வன் ஒரு பழைய ஸ்டெதஸ்கோப்பைக் கொடுத்தான். அதன் குழாயை வெட்டி, நெஞ்சில் வைக்கிற வட்டோடு ஒரு சாண் நீளம் மட்டும் விட்டு, மைக்கை அதன் வாயில் செருகிப் பிளாஸ்டரைச் சுற்றினாள். வீட்டில் சின்ன ஸ்பீக்கரில் போட்டுப் பார்த்தபோது வெற்றிசெல்வன் சாப்பிட்டுக்கொண்டிருந்தார். சோற்றுக்குப் போன அவர் கை அப்படியே நின்றது. ஆபரேஷன் ஆன நாளிலிருந்து அந்தக் கையைக் கண்டால் பாம்பைக் கண்டது போல விலகிப் போகிறவர் அவர். தெரியாமல் பட்டுவிடுமோ என்று கட்டிலின் விளிம்பில் படுக்கிறவர்.

“ராத்திரி பூரா இப்பிடியா ஓடுது?” என்றார்.

“நிக்கவே நிக்காது.”

“அப்ப நா என்னத்தப் பண்ணிக்கிட்டிருப்பேன்?”

“கொறட்டை விட்டுக்கிட்டு. அதுவும் தாளத்துக்குச் சேராது.”

பாட்டுகளை அவள் இயந்திரத்தோடு படுத்திருந்தபோது கட்டினாள். ஒரு கை கட்டுண்டு கிடக்க, மறுகையால் செல்போனில் பாடிப் பதிந்துகொண்டாள். பக்கத்துக் கட்டில்காரர்கள் திருத்தம் சொன்னார்கள். எல்லாரும் அனுபவசாலிகள்.

காப்புக் கட்டிய மூன்றாம் நாள் மாலை முத்துமாரியம்மாளிடம் போனாள்.

“மதினி, கும்மி ஆரம்பிக்கிறதுக்கு முன்னால எனக்குக் கொஞ்ச நேரம் குடுங்க. ஒரு கலைநிகழ்ச்சி.”

“கும்மிக்குள்ள வர மாட்டியே?”

“நா வரல. வெளியதான் நிப்பேன்.”

“எதப் பத்தி நிகழ்ச்சி?”

“என்னயப் பத்தி.”

“ஒன்னயப் பத்தி என்னடி இருக்கு? எல்லாருக்குந்தான் தெரியுமே.”

“அதான் இல்ல மதினி.”

தன் உடம்பையும் அதன் நோயையும் தானே அரங்கேற்றிக் காட்டுகிற கலைக்குப் பெருநகரங்களில் தனிப் பெயர் இருக்கிறது, குளிரூட்டிய கூடம் இருக்கிறது, பார்த்துவிட்டுப் புரிந்த மாதிரி வெளியே வருகிற ரசிகர்கள் இருக்கிறார்கள். திருக்கோகர்ணத்தில் அது, குழந்தைகளின் சினிமாப் பாட்டு நடனத்துக்கும் கும்மிக்கும் நடுவில் செருகப்பட்டது.

கோயில் வாசலில் பெண்கள் ஏற்கெனவே வட்டம் கட்டி நின்றார்கள். பொற்கொடி வட்டத்துக்கு வெளியே நின்று, ரவிக்கையின் இடது கையைச் சுருட்டி ஏற்றினாள். மூன்று வருடமாக முந்தானையில் பாதி மறைந்தே இருந்த கை முழுசாகக் குழல்விளக்கு வெளிச்சத்துக்கு வந்தது. “ஆத்தாடி” என்று யாரோ மூச்சை இழுத்தார்கள். புடைப்பின் மேல் வட்டை வைத்துப் பிளாஸ்டரை ஒட்டினாள். மைக்கின் ரிசீவரை மைக்செட்டில் முன்பே செருகியாயிற்று. மைக்கை முடுக்கினாள்.

வேப்பமரத்தில் கட்டியிருந்த குழாய் ஸ்பீக்கரிலிருந்து ‘வூஷ்’ என்று ஒரு சத்தம் புறப்பட்டது. உடனே நின்றது.

நிறுத்தியது மைக்செட் நாகராசு. நாகராசுவின் செட்டில் இரைச்சல் வந்ததாக யாரும் சொல்லிவிட முடியாது. ஆம்ப்ளிஃபயரில் லேசாக ஒரு ‘ம்ம்ம்’ கேட்டாலே பந்தியில் பாதிச் சாப்பாட்டில் எழுந்து ஓடுகிறவர். அம்மிங் என்று அவர் சொல்லும் அந்த இரைச்சல் அவருக்குப் பரம்பரை எதிரி.

“அண்ணே, சத்தத்தக் கூட்டுங்க” என்றாள் பொற்கொடி.

கூட்டினார். வூஷ். குறைத்தார். வயரைப் பிடுங்கி மாட்டினார். கூட்டினார். வூஷ், வூஷ். முகம் கறுத்துவிட்டது. ஒரு குடம் தண்ணீரைத் தூக்கிக்கொண்டு போய், வேப்பமரத்தடியில் மண்ணில் அடித்திருந்த எர்த் கம்பியின் காலில் மொத்தத்தையும் ஊற்றினார். எர்த் காய்ந்திருந்தால் அம்மிங் வரும் என்பது அவர் தொழில் அறிவு. அது சரியான அறிவும்கூட.

“ஒரு நிமிசம் தங்கச்சி. லைன்ல அம்மிங் வருது.”

“அது அம்மிங் இல்லண்ணே. நானு.”

“நீ மைக்க விட்டுத் தள்ளி நில்லு தாயி, நா பாத்துக்கிறேன்.”

“நாந்தாண்ணே அது! எங்கையில ஓடுற ரத்தம்!”

நாகராசு காலிக் குடத்தோடு நிமிர்ந்தார். “ரத்தத்துக்கு ஏது எர்த்து?” என்றார்.

பொற்கொடி பிளாஸ்டரை உரித்து வட்டைக் கையிலிருந்து எடுத்தாள். அமைதி. வைத்தாள். வூஷ். எடுத்தாள், அமைதி. வைத்தாள், வூஷ். நாகராசு அவள் கையைப் பார்த்தார், குழாயைப் பார்த்தார், மறுபடி கையைப் பார்த்தார். குடத்தைக் கீழே வைத்துவிட்டு ஆம்ப்ளிஃபயர் முன்னால் சம்மணமிட்டு உட்கார்ந்து, வாழ்நாள் முழுக்கக் குறைத்தே பழகிய அந்தச் சத்தத் திருகை, நாக்கைக் கடித்துக்கொண்டு, தாராளமாகக் கூட்டினார்.

அப்போது கிளம்பியது பாருங்கள்! வூஷ், வூஷ், வூஷ் என்று தெருவின் இரண்டு முனையிலும் மோதி, பஸ் நிறுத்தம்வரை போய், டவுன் பஸ்ஸிலிருந்து இறங்கியவர்களை வீட்டுக்குப் போகாமல் கோயில் பக்கம் திருப்பிவிட்டது. குழந்தைகள் காதைப் பொத்திக்கொண்டு குதித்தார்கள். நாய்கள் எழுந்து நின்றன. பொற்கொடி சிரித்தபடி நடுவெளிச்சத்தில் நின்றாள். அவள் வாயைத் திறக்கவே இல்லை, தெருவே அவளைக் கேட்டுக்கொண்டிருந்தது.

“எடுடி அத! வெடிக்கப் போகுது!” என்று முத்துமாரியம்மாள் வட்டத்தை விட்டு ஓடிவந்தாள்.

“இது ஓடுற சத்தம் மதினி. இது கேட்டுக்கிட்டே இருந்தாத்தான் நா இருப்பேன். நின்னாத்தான் பயப்படணும்.”

“மூணு வருசமாவா ஓடுது?”

“நீங்க நாக்காலி போட்டப்பயும் ஓடுச்சு. தலகாணி வச்சப்பயும் ஓடுச்சு.”

முத்துமாரியம்மாள் வேப்பமரத்துக் குழாயை அண்ணாந்து பார்த்தாள். பிறகு குரலைத் தாழ்த்தி, “எங்களுக்கெல்லாமும் இப்பிடித்தான் ஓடுமா?” என்றாள்.

“வச்சுப் பாருங்களேன்.”

முத்துமாரியம்மாள் வளையல்களை மேலே தள்ளிவிட்டுக் கையை நீட்டினாள். உலக்கை பிடித்துப் பழகிய, ஊரிலேயே பலமான கை. பொற்கொடி வட்டை வைத்தாள். நாகராசு திருகைக் கடைசிவரை திருப்பினார். வளையல் உரசுவது கேட்டது. அப்புறம் ஒன்றுமே கேட்கவில்லை.

“செட்டுல கோளாறா?”

“எஞ் செட்டுல ஒண்ணுமில்லக்கா” என்றார் நாகராசு, கொஞ்சம் திமிராகவே.

“அப்ப எங்கையில?”

கொல்லென்று தெரு சிரித்தது. “பெரியம்மா, நீங்க உசுரோடதான் இருக்கீங்களா?” என்று கூட்டத்திலிருந்து ஒரு குரல். முத்துமாரியம்மாள் விடவில்லை. வட்டத்திலிருந்து ஒருத்தியை இழுத்து அவள் கையில் வைக்கச் சொன்னாள். ஊமை. இன்னொருத்தி. ஊமை. சற்றுமுன்வரை பொற்கொடியின் கையைப் பார்த்து உச்சுக்கொட்டிய பெண்கள் எல்லாம் தங்கள் கையை நீட்டிக்கொண்டு வரிசையில் நின்றார்கள், ஒவ்வொருத்தியாக ஏமாந்து திரும்பினார்கள். தமனியையும் சிரையையும் சேர்த்துத் தைக்காத, நோயில்லாத கைகள் ஒன்றுகூட வாயைத் திறக்கவில்லை.

“இவளுக்கு மட்டும் எப்பிடிடி?” என்றாள் முத்துமாரியம்மாள், ஏதோ பங்கு பிரித்ததில் குறை வைத்தது போல.

பொற்கொடி வட்டைத் தன் கையில் திரும்ப ஒட்டிக்கொண்டாள். வூஷ், வூஷ் என்று தெரு மறுபடி நிறைந்தது. அந்த வீச்சு ஒன்றைப் பிடித்துக்கொண்டு, வாயைத் திறந்தாள்.

“செம்பு செம்பாக் குடிச்சவடி தன்னன்னானே – இப்ப
சங்கு சங்கா அளக்குறேன்டி தன்னன்னானே”

பெண்களின் வாய் தானாக வாங்கியது. இரண்டு வருடமாக நான்கு வரியில் காய்ந்து கிடந்த வாய்கள்.

“எளநி ஆகாது பழமும் ஆகாது தன்னன்னானே – நம்ம
ஆத்தா தின்னும் எதுவும் ஆகாது தன்னன்னானே”

கால்கள் நகர்ந்தன. கைகள் வூஷுக்கு வூஷ் சேர்ந்து விழுந்தன. தவில் இல்லை, பம்பை இல்லை, அந்தக் கை ஒன்றுதான்.

“ஊசி ரெண்டு கொண்டு வந்தான் தன்னன்னானே – அது
கோணி தைக்கும் ஊசியடி தன்னன்னானே”

இதற்குச் சிரித்தார்கள். பின்னால் நின்ற வெற்றிசெல்வன், அந்த ஊசியைப் பார்த்து ஒருமுறை மயங்கி விழுந்தவர், மட்டும் சிரிக்கவில்லை.

“அழுக்காப் போன ரத்தமெல்லாம் தன்னன்னானே – அங்க
அலசிப் புழிஞ்சு வந்ததடி தன்னன்னானே
நாக்காலி போட்டு வச்ச தன்னன்னானே – எங்க
நாத்தனாரக் கேளுங்கடி தன்னன்னானே”

இதை வாங்கிப் பாடியவர்களில் மிக உரக்கப் பாடியது முத்துமாரியம்மாள். பாடி முடித்த பிறகுதான் பாட்டு யாரைப் பற்றியது என்று உறைத்தது. சுற்றிக்கொண்டே வந்தவள் பொற்கொடிக்கு நேரே வந்ததும் நின்றாள். வட்டமும் நின்றது. கை மட்டும் குழாயில் ஓடிக்கொண்டிருந்தது.

“என்னடி அங்கிட்டே நின்னு பாடுற? லைட்டுக் கம்பத்துல கை இடிச்சிரும். இங்கிட்டு வா” என்று, தன் வலப்பக்கத்தில், அவள் இடது கைக்குத் தானே மறைப்பாக, வேறு யாரும் இடிக்க முடியாத இடமாகப் பார்த்து அவளை இழுத்து நிறுத்திக்கொண்டாள்.

பொற்கொடி கைதட்டினாள். முதல் தட்டுக்கு வட்டத்தில் இருந்த எல்லாக் கண்ணும் அந்தப் புடைப்பின் மேல். ஒன்றும் வெடிக்கவில்லை. இரண்டாவது தட்டுக்குப் பாதிக் கண்கள். மூன்றாவதற்கு யாரும் பார்க்கவில்லை, பார்க்க நேரமில்லை. ஏனென்றால் அதற்குள் ஒரு சிக்கல் ஆரம்பித்துவிட்டது.

வட்டத்துக்குள் வந்ததில் பொற்கொடிக்குத் தலைகால் புரியாத சந்தோஷம். சந்தோஷத்தில் நாடி ஏறியது. நாடி ஏறியதும் குழாயில் வூஷ் வேகமெடுத்தது. வூஷ் வேகமெடுத்ததும் கும்மி வேகமெடுத்தது. கும்மியின் வேகத்தைப் பார்த்து அவளுக்கு இன்னும் சந்தோஷம்.

“தங்கச்சி, ஸ்பீடு கூடுது!” என்று நாகராசு கத்தினார். அவர் செட்டில் சத்தத்துக்குத் திருகு இருந்தது, வேகத்துக்கு இல்லை.

“கொறடி! கொறடி!” என்றாள் முத்துமாரியம்மாள், குதித்துக்கொண்டே.

“நா எங்குட்டு கொறைக்க மதினி? நீங்க சிரிக்காம இருந்தா அது தன்னால கொறையும்!”

இதைக் கேட்டுத் தெரு மேலும் சிரித்தது. வூஷ்வூஷ்வூஷ் என்று குழாய் பறந்தது. கொண்டைகள் அவிழ்ந்தன. பூ உதிர்ந்தது. தட்டுக்கும் தட்டுக்கும் நடுவே இடமே இல்லாமல் ஒரே கைமழை. வயதான இரண்டு பேர் வட்டத்தை விட்டுத் தெறித்து வெளியே வந்து விழுந்து சிரித்தார்கள். பொற்கொடி விடாமல் வரியை எடுத்துக் கொடுத்துக்கொண்டே இருந்தாள்.

“வளையல் போட்ட கைய விட தன்னன்னானே – இந்த
வெறுங்கைதான் பேசுதடி தன்னன்னானே”

கடைசியில் கும்மியை நிறுத்தியது நோயாளி இல்லை. முத்துமாரியம்மாள் விலாவைப் பிடித்துக்கொண்டு கோயில் சுவரில் சாய்ந்து, “போதும்… போதும்டி… ஆத்தா…” என்று மூச்சிரைத்தாள். பெண்கள் அங்கங்கே உட்கார்ந்தார்கள். பொற்கொடி மட்டும் நின்றுகொண்டிருந்தாள், நெற்றியில் வேர்வை, இடது கையில் வட்டு. குழாயில் வீச்சு கொஞ்சம் கொஞ்சமாக நிதானத்துக்கு வந்துகொண்டிருந்தது. யாரும் அதை நிறுத்தச் சொல்லவில்லை.

மூச்சு திரும்பியதும் முத்துமாரியம்மாள் அவளைக் கிட்டே கூப்பிட்டு, புடைப்பை ஒரு விரலால் தொட்டுப் பார்த்தாள். உள்ளே அது துள்ளியது. விரலை எடுக்காமலே, “நாளைக்கு வெளக்கு வைக்கிறப்பவே வந்துரு. கூட நாலு பாட்டுக் கட்டிட்டு வா” என்றாள்.

“நாளைக்கு ஊசி நாளு மதினி. சாயந்தரம் கெடையாக் கெடப்பேன்.”

முத்துமாரியம்மாள் வட்டத்தில் விழுந்து கிடந்தவர்களை ஒரு பார்வை பார்த்தாள். காலைப் பிடித்துக்கொண்டிருந்தவர்கள், முதுகைப் பிடித்துக்கொண்டிருந்தவர்கள், வேப்பமரத்தடியில் நாகராசுவிடம் தண்ணீர் கேட்டுக்கொண்டிருந்தவர்கள்.

“சரி, நாளைக்குச் சின்னப் புள்ளைக சுத்தட்டும்” என்றாள். “எங்களுக்கும் எந்திரிக்க ஒருநா வேணும். நீ நாளன்னைக்கு வா.”